தள்ளி வைத்த வீடு

போன மாதம் நம் வாட்ஸ்அப் குழுவில் ஒரு சண்டை நடந்ததே, நினைவிருக்கிறதா? தேயிலைத் தோட்டத்துப் பள்ளியில் ஒன்றாகப் படித்தவர்கள் கூடும் நாளில் யார் சமைப்பது என்று தொடங்கியது. எங்கெங்கோ போய், கடைசியில் நம்மில் ஒருவர் இன்னொருவரை எல்லாரும் பார்க்கத் திட்டித் தீர்த்துவிட்டார். நமக்கெல்லாம் அறுபது தாண்டிவிட்டது, முட்டியை மடக்க முடியவில்லை, வாய்க்கு மட்டும் ஒரு நோயும் வரவில்லை. அப்போது ஒருவர் எழுதினார்: "பேசாம அவன தள்ளி வெச்சிருவோம்லா." பக்கத்தில் சிரிக்கிற மூஞ்சி வேறு.

 ஃபோனைக் கவிழ்த்து வைத்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டேன். அந்த வார்த்தையைச் சிரித்துக்கொண்டு சொல்ல முடியும் என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. குரலில் பேசி அனுப்பலாம் என்றால் நடுவில் அழுதுவிடுவேன். அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். யார் பெயரையும் போடப்போவதில்லை. யார் யார் என்று உங்களுக்கே தெரியும்.

தள்ளி வைப்பது என்று நாம் எதையெல்லாம் சொல்லுவோம் என்று யோசித்துப் பார்த்தேன். சோறு பொங்கி வந்தால் பானையை அடுப்பிலிருந்து தள்ளி வைப்போம். மழை பிடித்துக்கொண்டால் திருவிழாவைத் தள்ளி வைப்போம். பானை மறுபடியும் அடுப்புக்கு வரும், திருவிழா வேறொரு நாளில் நடக்கும், அதிலெல்லாம் ஒன்றும் குறையில்லை. புருஷன் பெண்டாட்டியைத் தள்ளி வைத்தான் என்று வரும்போது மட்டும் பெண்கள் குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். ஒரு வீட்டையே தள்ளி வைத்தார்கள் என்றால் அதைக் குரலைத் தாழ்த்திக்கூட யாரும் சொல்லமாட்டார்கள். செய்துவிட்டுப் போவார்கள்.

பிள்ளைகளுக்குள் காய் விடுவோம், பழம் விடுவோம். காலையில் விட்ட காய் சாயங்காலத்துக்குள் பழுத்துவிடும். பிறகு தானா ராத்தா டவுன் பள்ளிக்குப் போனபோது மலாய்க்காரப் பிள்ளைகள் ‘புலாவ்’ பண்ணுவது என்பார்கள். புலாவ் என்றால் தீவு. ஒருவரோடு யாரும் பேசாமல் அவரைத் தீவாக்கிவிடுவது. அதை முதலில் கேட்டபோது எனக்குப் பெரிதாக ஒன்றும் தோன்றவில்லை. தீவைச் சுற்றித் தண்ணீர் இருக்கும். எங்கள் வீட்டைச் சுற்றி ஆட்கள் இருந்தார்கள்.

ஆமாம், எங்கள் வீடு தள்ளி வைக்கப்பட்ட வீடு. உங்களில் பலர் மேல் லயத்தில் இருந்தீர்கள், மறந்திருப்பீர்கள். சிலர் எங்கள் கீழ் லயத்திலேயே இருந்தீர்கள், மறந்தவர்கள் மாதிரி இருக்கிறீர்கள். எனக்குக் கோபமில்லை. நாம் எல்லாருமே அப்போது சின்னப் பிள்ளைகள்.

கீழ் லயத்தில் வரிசையாக ஒட்டின வீடுகள், வீட்டுக்கும் வீட்டுக்கும் நடுவில் ஒரு பலகைச் சுவர்தான். மரம் காய்ந்து சுருங்கியதில் பலகைகளுக்கு நடுவே விரல் நுழையும் சந்து விட்டிருக்கும். எங்கள் அடுப்படிச் சுவரில் தரையோரமாக ஒரு பலகை பாதி உடைந்து, ஒரு மங்குக் கிண்ணம் போய் வருகிற அளவுக்கு இடம் இருந்தது. அதற்கு அந்தப் பக்கம் அத்தையின் அடுப்படி. சொந்த அத்தை இல்லை. அவள் புருஷனை அம்மா அண்ணன் என்று கூப்பிட்டாள், அதனால் எங்களுக்கு அவர் மாமா, அவள் அத்தை. மாமாதான் கோயில் தலைவர். லயத்தில் கல்யாணமா, கருமாதியா, சண்டையா, எல்லாம் அவரைக் கேட்டுத்தான் நடக்கும்.

அம்மா மலைக்குக் கீழே, வெயில் ஊரில், ஒரு ரப்பர் தோட்டத்திலிருந்து இங்கே வாழ்க்கைப்பட்டு வந்தவள். தாய் தகப்பன் கிடையாது, கூடப்பிறந்தவர்களும் கிடையாது. வந்த புதிதில் குளிர் தாங்காமல் அழுதுகொண்டே இருப்பாளாம். பலகைக்கு அந்தப் பக்கமிருந்து அத்தைதான் முதலில் பேச்சுக் கொடுத்தாளாம். அன்றைக்குத் தொடங்கிய பேச்சு நான் பிறந்து வளர்ந்து பள்ளிக்கூடம் போன பிறகும் ஓயவில்லை. விடிகாலையில் அடுப்புப் பற்றவைக்கும்போதே இரண்டு பேரும் ஆரம்பித்துவிடுவார்கள். கண்ட கனவு, கொழுந்துக் காட்டில் கங்காணி சொன்னது, புருஷன்மார் குறட்டை, எதையும் விடமாட்டார்கள். நடுவில் கிண்ணம் போகும், வரும். கருவாட்டுச் சம்பல் போனால் புளிச்சாறு வரும். இங்கே இருப்பது ஒரே வீடுதான், நடுவில் ஒரு பலகை குறுக்கே நிற்கிறது என்று அப்பா கிண்டல் செய்வார். எனக்கு அந்தப் பேச்சுச் சத்தம் கேட்டால்தான் விடிந்தது என்று அர்த்தம்.

அந்த வருஷம் மழை தொடங்குவதற்குக் கொஞ்சம் முன்னால் அது நடந்தது. கொழுந்து நிறுக்கிற இடத்தில், முற்றிய இலை கலந்திருக்கிறது என்று சொல்லிக் கணக்குப் பார்க்கிற கிராணி ஒரு வயசான அம்மாவின் கூடையைத் தட்டிவிட்டார். பறித்த கொழுந்தெல்லாம் சேற்றில் கொட்டிவிட்டது. அந்த அம்மா குனிந்து ஒவ்வொரு இலையாகப் பொறுக்கினாராம். அதைப் பார்த்த பெண்கள் அப்படியே கூடைகளை இறக்கிவைத்துவிட்டு மலையிலிருந்து இறங்கிவிட்டார்கள். ஆண்களும் கூடச் சேர்ந்தார்கள். கிராணி போகிறவரை யாரும் வேலைக்குப் போகக்கூடாது என்று மாமா கோயில் முன்னால் நின்று சொன்னார். அது நியாயமான கோபம்தான். இன்றைக்கும் நான் அதைத் தப்பு என்று சொல்லமாட்டேன்.

அப்பா தொழிற்சாலையில் அடுப்புக்காரர். தேயிலையைக் காயவைக்கிற மெஷினுக்குச் சூட்டுக்காற்று போக வேண்டும், அதற்கு ஒரு பெரிய இரும்பு அடுப்பு, அதில் நாள் முழுக்க விறகு போடுவது அவர் வேலை. எல்லாரும் வேலையை விட்டு வெளியே வந்தபோது அடுப்பு நிறைய விறகு எரிந்துகொண்டிருந்தது. அப்படியே விட்டுவிட்டு வந்தால் இரும்பு பழுத்து வெடிக்கலாம், தீ மேலே ஏறினால் இலை வாட்டுகிற மாடி முழுக்க மரம். அப்பா உள்ளேயே நின்றார். எரிகிற கட்டைகளை ஒவ்வொன்றாக வெளியே இழுத்து, தண்ணீர் ஊற்றி அணைத்தார். ஈரக்கட்டையும் நெருப்பும் சேர்ந்தால் என்ன ஆகும்? புகைக்கூண்டிலிருந்து அந்தப் பிற்பகல் முழுக்கக் கறுப்புப் புகை போனது.

லயத்திலிருந்து பார்த்தால் முதலில் கண்ணில் படுவது அந்தப் புகைக்கூண்டுதான். கடிகாரம் இல்லாத வீடுகளில் அதைப் பார்த்துத்தான் வேலை நடக்கிறதா, முடிந்ததா என்று தெரிந்துகொள்வார்கள். புகை போனால் தேயிலை காய்கிறது, புகை நின்றால் மெஷின் நின்றது. அவர்களுக்குத் தெரிந்த கணக்கு அவ்வளவுதான். எல்லாரும் பட்டினி கிடந்தாலும் சரி என்று இறங்கி வந்த நாளில் எங்கப்பா ஒரு ஆள் மட்டும் தோட்டத்துத் துரைக்கு மெஷின் ஓட்டினார் என்று அன்று சாயங்காலத்துக்குள் முடிவாகிவிட்டது.

கொஞ்ச நாளில் கிராணியை வேறு தோட்டத்துக்கு மாற்றினார்கள், எல்லாரும் வேலைக்குத் திரும்பினார்கள். போய்ப் பார்த்தால் மாடியில் வாடப் போட்டிருந்த இலை ஒன்றுகூட இல்லை. அதற்கு அப்புறம் யாருக்கும் சந்தேகமே வரவில்லை. இலையைக் காயவைத்து மூட்டை கட்டியாகிவிட்டது என்றே முடிவு செய்தார்கள். உண்மையில் அது அழுகிப்போய், துரை தன் ஆட்களை வைத்து எங்கேயோ கொண்டுபோய்க் கொட்டியிருந்தார். அப்பாவுக்கு அது தெரியும். அவரைக் கேட்கத்தான் ஆள் இல்லை.

வெள்ளிக்கிழமை பூசை முடிந்ததும் மாமா திருநீற்றுத் தட்டைக் கையில் வைத்துக்கொண்டே சொன்னார். "அடுப்புக்காரன் வீட்டோட இனிமே யாரும் அன்னந்தண்ணி பொழங்கக் கூடாது. பேச்சுவார்த்தையும் கூடாது. மீறுனா அந்த வீட்டுக்கும் இதே கதிதான்." அப்பா கூட்டத்துக்குப் பின்னால் நின்றிருந்தார். ஏதோ சொல்ல வாயெடுத்தார். மாமா முகத்தைச் சாமி பக்கம் திருப்பிக்கொண்டார். கருங்காலி என்று யாரோ முணுமுணுத்தார்கள். நான் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். தட்டு எங்களைத் தாண்டிப் போனது.

இந்த வழக்கத்தில் ஒரு கோணல் இருக்கிறது, யோசித்துப் பாருங்கள். அப்பாவிடம் ஒருவர் வந்து ஏன் அப்படிச் செய்தாய் என்று கேட்டிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும். ஆனால் கேட்டால் அது பேச்சாகிவிடும். பேசக்கூடாது. குற்றத்தை விசாரிப்பதையே தண்டனை தடுத்துவிட்டது. "கேட்டாத்தானே சொல்லுவேன்" என்று அப்பா வீட்டுக்குள் நடந்துகொண்டே சொல்லிக்கொண்டிருப்பார். வீட்டுக்குள் அதைக் கேட்க அம்மாவும் நானும்தான் இருந்தோம்.

பொதுக் குழாயில் நாங்கள் வாளியோடு போனால் நிற்கிறவர்கள் திட்டமாட்டார்கள், தள்ளமாட்டார்கள். பேச்சை நிறுத்திவிட்டு ஒதுங்கி வழி விடுவார்கள். அது திட்டுவதைவிட மோசம். பள்ளிக்கூடத்தில் என் பெஞ்சு எனக்கு மட்டும் என்று ஆகிவிட்டது. இடம் நிறைய இருக்கிறதே, நல்லா கையை விரித்து எழுது என்று வாத்தியார் சொன்னார், பாவம், அவர் டவுனிலிருந்து வருகிறவர். கொழுந்துக் காட்டில் தன் செடி வரிசையை, தன் நிரையை முடித்தவர்கள் பக்கத்து நிரைக்கு எதிர்ப்பக்கமாகப் புகுந்து பறித்துக் கொடுப்பது வழக்கம். அம்மா வயிற்றில் பிள்ளையோடு நிரையின் பாதியில் நிற்கும்போதும் யாரும் எதிரில் வரவில்லை. எல்லாரும் சாலைக்கு இறங்கிய பிறகு பனிக்குள்ளே அம்மா மட்டும் தனியாகப் பறித்துக்கொண்டிருப்பாள். நான் சாலையில் உட்கார்ந்து அவளுக்காகக் காத்திருப்பேன்.

அப்பாவுக்கு ஒரு வடிகால் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை தானா ராத்தாவுக்கு நடந்தே போவார். அங்கே முஸ்லிம் பாய் ஒருவரின் சாப்பாட்டுக்கடை. பாய்க்குக் கோயில் தலைவரும் தெரியாது, தள்ளி வைப்பதும் தெரியாது. ஒரு தே தாரேக் டீ வாங்கி வைத்துக்கொண்டு அப்பா மத்தியானம் வரைக்கும் அவரிடம் பேசிக்கொண்டிருப்பார். திரும்பி வரும்போது முகம் கொஞ்சம் தெளிந்திருக்கும். அம்மாவுக்கு அப்படி ஒரு கடை இல்லை. அவள் போய் உட்கார்ந்து பேசுகிற இடம் அந்தப் பலகைதான்.

முதல் நாட்களில் அம்மா வழக்கம் போலவே கூப்பிட்டுப் பார்த்தாள். "அண்ணி, எழுந்துட்டீங்களா?" அந்தப் பக்கம் கரண்டிச் சத்தம் சட்டென்று நிற்கும். மூச்சு விடுவதுகூட எங்களுக்குக் கேட்கும். பதில் வராது. கொஞ்ச நேரம் கழித்துக் கரண்டி மறுபடி நகரும். அடுத்த நாளும் அம்மா கூப்பிடுவாள், இன்னும் மெதுவாக. ஒரு நாள் கூப்பிடவில்லை. அதற்குப் பிறகு அந்தச் சுவர்ப்பக்கம் அவள் திரும்பி உட்காரவும் இல்லை, அடுப்பை எதிர் மூலைக்கு மாற்றிவிட்டாள்.

அத்தை வீட்டுக் கிண்ணம் ஒன்று எங்களிடமே தங்கிவிட்டது. வெள்ளை மங்கு, ஓரத்தில் நீலக்கோடு, அடியில் ஒரு இடத்தில் வெள்ளை பெயர்ந்து கறுப்பாக இருக்கும். சந்து வழியாகத் தள்ளினால் அவர்கள் எடுக்கமாட்டார்கள் என்று அம்மாவுக்குத் தெரியும். தினமும் அதைக் கழுவிக் கவிழ்த்து வைப்பாள். எங்களுக்கு அதில் எதுவும் ஊற்றமாட்டாள். அழுக்கே படாத கிண்ணத்தை ஏன் கழுவுகிறாள் என்று எனக்குப் புரியவில்லை.

மழை நன்றாகப் பிடித்துக்கொண்டபோது தம்பி பிறந்தான். அன்று பள்ளி விடுமுறை. லயம் முழுக்கக் காட்டுக்குப் போயிருந்தது, அப்பா தொழிற்சாலையில். அம்மாவுக்கு நாள் இன்னும் இருக்கிறது என்றுதான் சொல்லியிருந்தார்கள். காலை கஞ்சி குடித்து முடிப்பதற்குள் வலி வந்துவிட்டது. அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவள் எழுந்திருக்கவில்லை. எனக்குப் பத்து வயது. என்ன செய்வது என்று தெரியாமல் வெளியே ஓடினேன்.

காலில் சுளுக்கு என்று அத்தை மட்டும் வீட்டில் இருந்தாள். கதவைத் தட்டினேன். "அத்தை, அம்மாவுக்கு வலி வந்துடுச்சு." உள்ளே ஆள் நடமாடியது. கதவு திறக்கவில்லை. மறுபடி தட்டினேன், அழுதேன், காலால்கூட உதைத்தேன். திறக்கவில்லை. அம்மா கத்துகிற சத்தம் கேட்டு வீட்டுக்கே திரும்பி ஓடினேன்.

அப்போதுதான் பலகைக்கு அந்தப் பக்கமிருந்து அந்தக் குரல் வந்தது. அத்தை அடுப்படியில் கூடைக்குள் ஒரு கோழி வைத்திருந்தாள். அந்தக் கோழியிடம் பேசிக்கொண்டிருந்தாள்.

"ஏ கோழி, அழுதுக்கிட்டு நிக்காத. மொதல்ல அடுப்புல தண்ணிய ஏத்து. வெளுத்த துணி எங்க இருக்குன்னு பாத்து எடுத்து வை."

எனக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆனது. பிறகு ஓடிப்போய்த் தண்ணீர் ஏற்றினேன்.

"கைய சவக்காரம் போட்டுக் கழுவு. தாயிய மல்லாக்கப் படுக்க வெக்காத, சாஞ்சு உக்காரச் சொல்லு. முதுகுக்கு மூட்டைய அணை குடு."

மூட்டையைக் கொண்டுவந்து அம்மாவின் முதுகுக்கு வைத்தேன். அம்மா என் தோளைப் பிடித்திருந்த பிடியில் எனக்கு உயிர் போனது. அந்தக் குரல் நிற்கவே இல்லை. இப்போது முக்க வேண்டாம், இப்போது முக்கலாம், தலை தெரிகிறதா பார், இழுக்காதே, கையை மட்டும் கீழே ஏந்திப் பிடி என்று கோழிக்குச் சொல்லிக்கொண்டே இருந்தது. தம்பி என் கையில் வழுக்கிக்கொண்டு வந்தான். அழவில்லை. "தொடைச்சு விடு, முதுகத் தேய்ச்சு விடு, நல்லா தேய்" என்று அத்தை அலறினாள். தேய்த்தேன். அவன் அழுதான். அந்தப் பக்கத்திலும் அழுகைச் சத்தம் கேட்டது.

"கொடிய அறுக்காத. டிரஸ்ஸர் வர்ற வரைக்கும் துணியில சுத்தி அவ நெஞ்சு மேலயே வை" என்றது குரல். அதற்குப் பிறகு பேச்சில்லை. அவர்கள் வீட்டுப் பின்கதவு திறக்கிற சத்தம் கேட்டது. வெகுநேரம் கழித்துத் தோட்டத்து ஆஸ்பத்திரி டிரஸ்ஸர் பையோடு வந்தார். பக்கத்து வீட்டு அம்மா மழையில் நொண்டிக்கொண்டே வந்து கூப்பிட்டார் என்றார்.

அத்தை டிரஸ்ஸரைக் கூப்பிடப் போனது லயத்துக்குத் தெரிந்து, அவள் எங்களோடு பேசினாள் என்று உடனே புகார் போனது. அடுத்த வெள்ளிக்கிழமை மாமா எல்லார் முன்னாலும் பெண்டாட்டியைக் கேட்டார். அத்தை கையைக் கட்டிக்கொண்டு நின்று, "என் வீட்டுக் கோழிகிட்ட நான் பேசக்கூடாதா?" என்றாளாம். மாமா அதோடு விட்டுவிட்டாராம். குழாயடிப் பேச்சில் அது என் காதில் விழுந்ததும் எனக்கு ஒரே குதூகலம், அம்மாவிடம் ஓடிவந்து சொன்னேன். அம்மா தம்பிக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள். சிரிப்பாள் என்று நினைத்தேன். சுவரைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

தம்பி குப்புற விழுகிற பருவத்தில் மழை விட்டது. துரை பங்களாவுக்குப் பின்னால் மண் சரிந்து கால்வாய் அடைத்துக்கொண்டது, அதை வெட்டிவிட ஆட்களை அனுப்பினார்கள். மண்ணுக்கடியில் சாக்கு விரிப்புகள் சுருட்டிக் கிடந்தன. இலை வாட்டுகிற மாடியில் விரிக்கிற சாக்கு. பிரித்தால் உள்ளே கறுத்து, கட்டி பிடித்து, புளித்த நாற்றத்தோடு கொழுந்து இலை. காயவைக்காத இலை. தேயிலைக்காட்டு ஆட்களுக்கு அதைப் பார்த்த பிறகு வேறு சாட்சி தேவையில்லை. ஒரு சாக்கை அப்படியே தூக்கிக்கொண்டு வந்து மாமா வீட்டு வாசலில் போட்டார்கள். நாற்றம் எங்கள் வீடு வரைக்கும் வந்தது.

அன்று சாயங்காலமே மாமா வெற்றிலை, பாக்கு, தேங்காயோடு வந்தார். பின்னால் லயமே வந்தது. "தப்பு எங்க மேலதான். மனசுல வெச்சுக்காத" என்றார். அப்பா தட்டை வாங்கிக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதார். அப்படி அழுததை அதற்கு முன்னும் பின்னும் நான் பார்த்ததில்லை. மாமாவைக் கட்டிக்கொண்டார். மன்னிக்கவா வேண்டும், தன்னை மனிதனாகச் சேர்த்துக்கொண்டதே போதும் என்று அவருக்கு இருந்திருக்கிறது. அவர்கள் அப்பாவிடம் அப்போதாவது அன்றைக்கு என்ன நடந்தது என்று கேட்டார்களா என்று நினைத்துப் பார்க்கிறேன். கேட்கவில்லை. இலையைப் பார்த்ததே போதும் என்று விட்டுவிட்டார்கள்.

அத்தை கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தாள். "புள்ளைய குடு தாயி, பாக்குறேன்" என்றாள். அம்மா தம்பியைக் கொடுத்தாள். அத்தை அவனை முகர்ந்து முகர்ந்து அழுதாள். ஏதாவது பேசு என்று கேட்டாள். அம்மா உள்ளே போய் நீலக்கோட்டுக் கிண்ணத்தை எடுத்துவந்து அவள் கையில் கொடுத்தாள். 

மறுநாள் பேசுவாள் என்று நினைத்தோம். பேசவில்லை. அதற்கு அடுத்த நாளும் இல்லை. வீட்டில் எங்களோடு பேசுவாள், அதுவும் தேவைக்கு. வாசலைத் தாண்டினால் வாய் மூடிக்கொள்ளும். யாராவது உப்புக் கேட்டால் கொடுப்பாள். கல்யாண வீட்டில் போய்த் தேங்காய் துருவுவாள், சாவு வீட்டில் போய்ப் பாத்திரம் கழுவுவாள். பக்கத்து நிரைக்காரி பின்தங்கினால் எதிரில் போய்ப் பறித்துக் கொடுப்பாள். வார்த்தை மட்டும் கிடையாது. அத்தை விடவில்லை. தினமும் விடிகாலையில் பலகைக்கு அந்தப் பக்கமிருந்து பேசினாள், இந்தத் தடவை கோழியிடம் இல்லை. "எழுந்துட்டியா தாயி? நேத்து ராத்திரி குளிரு பாத்தியா?" இந்தப் பக்கம் அம்மாவின் கை நின்றுவிடும். பதில் இருக்காது. வருஷக்கணக்கில் அப்படியே நடந்தது.

திமிர் என்றார்கள் லயத்தில். கூப்பிட்டுச் சேர்த்துக்கொண்டோம், இவளுக்கு என்ன இவ்வளவு வீறாப்பு என்றார்கள். அப்பாவே அப்படித்தான் நினைத்தார், ஒன்றிரண்டு முறை சண்டையும் போட்டார். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் உள்ளுக்குள் எனக்குப் பெருமை. ஒரு லயமே கூடி ஒரு வீட்டைத் தள்ளி வைத்தது, எங்கம்மா ஒரே ஆளாக அந்த லயத்தையே தள்ளி வைத்துவிட்டாள் என்று நினைத்துக்கொள்வேன். குழாயடியில் அத்தையின் முகம் வாடுவதைப் பார்த்து நன்றாக வேண்டும் என்று நினைத்த நாட்களும் உண்டு.

நான் தானா ராத்தாவில் துணிக்கடை வேலைக்குப் போய்க்கொண்டிருந்த காலத்தில் மாமா வேலையிலிருந்து ஓய்ந்தார். லயத்து வீட்டைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அவர்கள் மகன் கோலா தெர்லாவில் காய்கறித் தோட்டத்தில் இருந்தான், அவனோடு போய்விடுவது என்று முடிவானது. முட்டைக்கோஸ் ஏற்றுகிற லோரி ஒன்று வந்து வாசலில் நின்றது. கட்டில், பாத்திரம், சாமிப் படம் எல்லாம் ஏறின. நான் அன்று வீட்டில் இருந்தேன். அம்மா அடுப்படியில் உட்கார்ந்து நெத்திலிக்குத் தலை கிள்ளிக்கொண்டிருந்தாள்.

அத்தை கதவடியில் வந்து நின்றாள். நன்றாக மெலிந்திருந்தாள். மேலே ஸ்வெட்டர் பொத்தான் போடாமல் கிடந்தது. "போய்ட்டு வரேன் தாயி" என்றாள். "ஒரு வார்த்த சொல்லு. திட்டுனாலும் சரி."

அம்மா எழுந்தாள். கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு அவள் கிட்டே போனாள். வாய் திறந்தது.  அம்மா கையைத் தூக்கி அத்தையின் ஸ்வெட்டர் பொத்தானை ஒவ்வொன்றாகப் போட்டுவிட்டாள், கழுத்து வரைக்கும். காலரைத் திருப்பி விட்டாள். அவ்வளவுதான்.  அத்தை கண்ணைத் துடைத்துக்கொண்டு லோரிப் பக்கம் போய்விட்டாள்.

எனக்கு அம்மா மேல் கோபம் வந்தது. வாயைத் திறந்து கேட்டே விட்டேன், அப்படி என்ன பிடிவாதம் என்று. அம்மா தரையில் உட்கார்ந்தாள்.

"பிடிவாதம் இல்ல" என்றாள். "அவ இல்லாட்டி நானும் இல்ல, உன் தம்பியும் இல்ல. எனக்குத் தெரியாதா? அந்தக் கதவு நீ தட்டித் தொறக்கலையே, அன்னைக்கு உள்ளுக்குள்ள என்னமோ ஆயிடுச்சு. தெனமும் அவ கூப்புடுறப்ப பேசணும்னுதான் வாயத் தொறக்குறேன். வர மாட்டேங்குது. நெஞ்சு வரைக்கும் வந்துட்டுத் திரும்பிப் போயிருது."

இத்தனை வருஷம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். யாராவது கேட்டார்களா என்றாள்.  திமிர் என்று சொன்னவர்கள் உண்டு, திட்டினவர்கள் உண்டு, நான் பெருமைப்பட்டேன். ஒருவரும் கேட்கவில்லை.

வெளியே லோரிக்குத் தார்ப்பாய் கட்டிக்கொண்டிருந்தார்கள். "இன்னும் கெளம்பலம்மா. நான் ஓடிப் போயி சொல்லிட்டு வரட்டுமா?" என்று எழுந்தேன்.

அம்மா என் கையைப் பிடித்து நிறுத்தினாள். "வேணாம். நீ சொன்னா அது நீ பேசுனதாத்தான் இருக்கும்."

லோரி உறுமியது. அம்மா சட்டென்று எழுந்து வாசலுக்கு ஓடினாள், நானும் பின்னால் ஓடினேன். லோரியின் பின்பக்கம், கட்டில் கால்களுக்கு நடுவில், அத்தை எங்கள் வாசலையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். அம்மா வாயைத் திறந்தாள். கழுத்து நரம்பெல்லாம் புடைத்துக்கொண்டது. லோரி மெதுவாக நகர்ந்து, தொழிற்சாலையைத் தாண்டி, மேட்டில் ஏறி, வளைவில் திரும்புகிற வரைக்கும் அவள் அப்படியே திறந்த வாயோடு நின்றாள். ஒன்றும் வரவில்லை.